நீலகிரி முடிவை ஆறாகப் பிரித்துப் போடுங்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மக்களவைத் தேர்தல் முடிவுகளைத் தொகுத்து உங்கள் நாளிதழ் வெளியிட்ட சிறப்புப் பக்கத்தில் நீலகிரித் தொகுதிக்கு நான்கு வரி கிடைத்திருந்தது. 2024 ஜூன் 4 அன்று எண்ணியதில் தி.மு.க.வின் ஆ. இராசா 4,73,212 வாக்குகள், பா.ஜ.க.வின் எல். முருகன் 2,32,627, அ.தி.மு.க.வின் லோகேஷ் தமிழ்செல்வன் 2,20,230, வித்தியாசம் 2,40,585. எண்கள் எல்லாம் சரி. வித்தியாசம் கூடியிருப்பதால் வென்ற கட்சிக்கு இங்கே ஆதரவு பெருகிவிட்டது என்று எண்களுக்கு மேலே எழுதியிருந்தீர்கள். அதுதான் சரியில்லை. அதே பக்கத்தில் 2019 எண்ணைப் பக்கத்தில் வைத்துப் பார்த்திருந்தால் அப்படி எழுதியிருக்க மாட்டீர்கள்.

2019இல் இதே ஆ. இராசா வாங்கியது 5,47,832. அ.தி.மு.க.வின் தியாகராஜன் 3,42,009. வித்தியாசம் 2,05,823. ஐந்து வருடத்தில் வித்தியாசம் 34,762 கூடியிருக்கிறது. வென்றவரின் வாக்கோ 74,620 குறைந்திருக்கிறது. இரண்டு தேர்தலிலும் பதிவான மொத்த வாக்கு ஏறக்குறைய ஒன்றுதான், பத்து லட்சத்துக்குச் சற்று மேல். அதாவது அப்போது பாதிக்கு மேல் இருந்த ஆதரவு இப்போது பாதிக்குச் சற்றுக் கீழே வந்திருக்கிறது. வாக்கு குறைந்தும் வித்தியாசம் எப்படிக் கூடியது? 2019இல் அ.தி.மு.க.வும் பா.ஜ.க.வும் ஒரே அணி. 2024இல் இரண்டும் தனித்தனியாக நின்றன. எதிர்வாக்கு இரண்டாகப் பிரிந்ததும் இரண்டாமிடத்து எண் சரிந்துவிட்டது. வித்தியாசம் என்பது முதலிடத்துக்கும் இரண்டாமிடத்துக்கும் இடையிலான தூரம் மட்டுமே. இரண்டாமிடத்தில் இருப்பவர் யாரோடு வாக்கைப் பங்கு போட்டார் என்பது அதில் தெரியாது.

இங்கே இன்னொரு தவறான கணக்கும் ஊரெல்லாம் ஓடுகிறது. "இரண்டு பேரும் சேர்ந்து நின்றிருந்தால் ஜெயித்திருப்பார்கள்" என்கிறார்கள். கூட்டிப் பாருங்கள்: 2,32,627ம் 2,20,230ம் சேர்ந்தால் 4,52,857. அப்போதும் தி.மு.க. 20,355 வாக்கு முன்னால்தான் நிற்கிறது. அதோடு, இப்படிக் கூட்டுவதே முழுக்கச் சரியாகாது. 2019இல் தனியாக நின்று இங்கே நாற்பதாயிரம் அளவில் வாங்கிய அ.ம.மு.க. 2024இல் பா.ஜ.க. அணிக்குப் போனது. அதே அளவு வாங்கிய மக்கள் நீதி மய்யம் தி.மு.க. அணிக்கு வந்தது. அந்த வாக்கெல்லாம் கட்சியோடு சேர்ந்தே நகர்ந்தது என்று சொல்ல ஒரு ஆதாரமும் இல்லை. கூட்டணிக் கணக்கு போடும்போது யார் எந்தப் பக்கம் இருந்தார்கள் என்று ஒரு வரி கீழே எழுதிவிட்டுத்தான் கூட்ட வேண்டும்.

நாங்கள் இந்தக் கடிதம் எழுதுவதற்குக் காரணம் வேறு. இந்தத் தொகுதிக்குப் பெயர்தான் நீலகிரி. அதில் உள்ள ஆறு சட்டமன்றத் தொகுதிகளில் உதகமண்டலம், குன்னூர், கூடலூர் ஆகிய மூன்று மட்டுமே மலை மேல் இருக்கின்றன. மேட்டுப்பாளையம் கோவை மாவட்டத்தில், அவிநாசி திருப்பூர் மாவட்டத்தில், பவானிசாகர் ஈரோடு மாவட்டத்தில். கோத்தகிரிப் பக்கத்து விவசாயி பச்சைத் தேயிலை விலையை நினைத்து வாக்களிக்கிறார். கூடலூர், பந்தலூர்க்காரருக்கு ஜென்ம நில ஒழிப்புச் சட்டத்தின் பிரிவு 17இல் வரும் நிலப் பிரச்சினையும் யானையும்தான் முதலில். அவிநாசியில் விசைத்தறியும் தண்ணீரும். இந்த ஆறையும் ஒரே எண்ணில் போட்டுக் கலக்கி, "நீலகிரி மக்கள் தீர்ப்பு" என்று தலைப்பு வைத்தால், மலையில் இருப்பவர் என்ன சொன்னார் என்பது அந்த எண்ணுக்குள் காணாமல் போகிறது. சட்டமன்றத் தொகுதி வாரியாக முடிவைப் போடுங்கள் என்பதே எங்கள் கோரிக்கை. அதற்கான எண்களைத் தேர்தல் ஆணையமே வெளியிடுகிறது. எடுக்கும் வழியையும், எடுக்கும்போது எங்கே தவறு வரும் என்பதையும் கீழே எழுதுகிறோம்.

முதலில் அந்த எண் எப்படிப் பிறக்கிறது என்று பார்க்க வேண்டும். ஆறு தொகுதிகளின் இயந்திரங்களும் ஊட்டி அரசு பாலிடெக்னிக் கல்லூரிக்கு வந்துசேர்கின்றன. காலை 8 மணிக்குத் தபால் வாக்கு, 8.30க்கு இயந்திரங்கள். ஒவ்வொரு தொகுதிக்கும் தனி அறை, வழக்கமாக 14 மேசை. கம்பி வலைக்கு இந்தப் பக்கம் வேட்பாளர்களின் முகவர்கள், அந்தப் பக்கம் எண்ணும் மேற்பார்வையாளர், உதவியாளர், நுண் பார்வையாளர். பெட்டியிலிருந்து கன்ட்ரோல் யூனிட்டை (வாக்குகள் பதிவாகி இருக்கும் இயந்திரப் பகுதி) எடுத்து வைத்ததும் முதலில் பார்க்க வேண்டியது அதன் வரிசை எண்ணும் பச்சைக் காகித முத்திரையின் எண்ணும். வாக்குப்பதிவு முடிந்த மாலையில் தலைமை வாக்குச்சாவடி அலுவலர் கையெழுத்திட்டு முகவருக்குக் கொடுத்த படிவம் 17சி, அதாவது அந்தச் சாவடியின் வாக்குக் கணக்கு, அதன் நகலில் இந்த எண்கள் இருக்கும். அந்த நகல் கையில் இல்லாமல் மேசையில் உட்கார்ந்திருக்கும் முகவர் வெறும் பார்வையாளர்தான். எண்கள் ஒத்திருந்தால் வெளிக்கதவைத் திறந்து, உள்ளே பச்சை முத்திரையைக் குத்திக் கிழித்து, அதன் அடியில் இருக்கும் ரிசல்ட் பட்டனை அழுத்துவார்கள். திரையில் முதலில் வேட்பாளர் எண்ணிக்கை, பிறகு மொத்த வாக்கு, பிறகு ஒன்று, இரண்டு, மூன்று என்று ஒவ்வொரு வேட்பாளருக்கும் விழுந்தது, கடைசியில் நோட்டா. எழுதுவதற்குள் திரை அடுத்த வேட்பாளருக்குப் போய்விட்டால் பதற வேண்டியதில்லை. ரிசல்ட்டை எத்தனை முறை வேண்டுமானாலும் அழுத்தச் சொல்லலாம், எண் மாறாது. இதைக் கேட்கக் கூச்சப்பட்டுப் பக்கத்து முகவரின் தாளைப் பார்த்து எழுதுவதால்தான் கட்சிக்காரர்கள் கையிலிருக்கும் கூட்டல் கடைசியில் இடிக்கிறது.

திரையில் வரும் மொத்தமும் 17சியில் உள்ள மொத்தமும் ஒத்துப்போகாத இடங்கள் உண்டு. உடனே மோசடி என்று வாட்ஸ்அப்பில் பரவிவிடுகிறது. காரணங்கள் பெரும்பாலும் எளிமையானவை. வாக்குப்பதிவுக்கு முன் காலையில் முகவர்கள் முன்னால் குறைந்தது 50 வாக்கு போட்டு மாதிரி வாக்குப்பதிவு நடத்துவார்கள். பிறகு க்ளோஸ், ரிசல்ட், க்ளியர் என்று மூன்றையும் வரிசையாக அழுத்தி அந்த வாக்குகளை அழிக்க வேண்டும். அவசரத்தில் க்ளியர் விட்டுப்போனால் அந்த ஐம்பதும் உள்ளேயே தங்கிவிடும். அப்படிப்பட்ட இயந்திரத்தை எண்ணாமல் தனியே வைப்பார்கள். 2024 தேர்தலில் இருந்த விதிப்படி, எல்லாச் சுற்றும் முடிந்த பிறகு, வெற்றி வித்தியாசம் அந்த இயந்திரங்களில் உள்ள வாக்கைவிடக் குறைவாக இருந்தால்தான் அவற்றின் விவிபேட் சீட்டுகளை (எந்தச் சின்னத்துக்கு வாக்கு விழுந்தது என்று காட்ட இயந்திரம் அச்சடிப்பவை) எண்ணினார்கள். இன்னொன்று, மாலையில் க்ளோஸ் அழுத்த மறப்பது. அப்போது ரிசல்ட் அழுத்தினால் திரை 'இன்வேலிட்' என்று காட்டும். இயந்திரம் கெட்டுவிடவில்லை. மொத்தம் 17சியோடு ஒத்திருந்தால் தேர்தல் நடத்தும் அலுவலரின் அனுமதியோடு அங்கேயே க்ளோஸ் செய்து எண்ணலாம். திரையே வேலை செய்யாவிட்டால் விவிபேட் சீட்டு கைகொடுக்கும்.

17ஏ பதிவேட்டில் கையெழுத்திட்டவர் எண்ணிக்கைக்கும் இயந்திரத்தில் விழுந்த வாக்குக்கும் ஒன்றிரண்டு வித்தியாசம் இருந்தால் அதற்கும் 17சியிலேயே கட்டம் இருக்கிறது. கையெழுத்திட்ட பிறகு வாக்களிக்க மறுத்தவர், ரகசியத்தை மீறியதால் அனுமதிக்கப்படாதவர், விவிபேட்டில் தவறான சின்னம் வந்தது என்று புகார் சொல்லிச் சோதனை வாக்கு போட்டவர் என்று தனித்தனி வரிகள். தன் வாக்கை வேறொருவர் போட்டுவிட்டதாகச் சொல்லி அடையாளத்தை நிரூபிப்பவருக்குக் காகிதச் சீட்டில் கொடுக்கும் டெண்டர் வாக்கு தனியாக உறையில் போகும். அது எண்ணிக்கையில் சேராது என்பது கட்சிக்காரர்களில் பலருக்கே தெரியாது. விவிபேட் சீட்டு ஒப்பீடு ஒரு சட்டமன்றத் தொகுதிக்கு ஐந்து சாவடி, குலுக்கலில் எடுப்பது. இது 2019 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆறு தொகுதிக்கும் சேர்த்து நீலகிரியில் 30 சாவடி. எல்லாச் சீட்டையும் எண்ண வேண்டும் என்ற மனுவை 2024 ஏப்ரல் 26 அன்று அதே நீதிமன்றம் ஏற்கவில்லை. சின்னம் ஏற்றும் கருவிகளை 45 நாள் முத்திரையிட்டு வைக்கச் சொன்னதும், இரண்டாம், மூன்றாம் இடம் பெற்றவர் ஏழு நாளுக்குள் கேட்டால் தொகுதிக்கு 5 விழுக்காடு இயந்திரங்களைச் சோதிக்கலாம் என்றதும் அந்தத் தீர்ப்பில்தான்.

அடுத்த நாளே, ஏப்ரல் 27 மாலையில், ஊட்டியில் பாதுகாப்பு அறைக் கண்காணிப்புத் திரைகள் சுமார் 20 நிமிடம் இருண்டுபோயின. அதிக வெப்பத்தால் வந்த கோளாறு என்று மாவட்ட நிர்வாகம் விளக்கியது. முத்திரைகள் அப்படியே இருந்தனவா என்பதை முகவர்கள் பார்க்க முடியும் என்பதால்தான் அது பெரிதாகாமல் அடங்கியது. 17சியும் முத்திரை எண்ணும் எதற்கு என்று கேட்பவர்களுக்கு இதைவிட நல்ல பதில் எங்களிடம் இல்லை.

எண்ணிக்கை நாளில் உங்கள் நாளிதழின் இணையப் பக்கம் முதல் சுற்றிலேயே "அமோக முன்னிலை" என்று போட்டுவிடுகிறது. ஒரு சுற்று என்றால் 14 மேசைக்கு 14 சாவடி. சாவடி எண் வரிசைப்படி எடுப்பதால் முதல் சுற்றில் வருவது 1 முதல் 14 வரை. அவை பெரும்பாலும் அடுத்தடுத்த ஊர்கள், ஒரே மூலை. அந்த மூலையில் ஒரு கட்சி பலமாக இருந்தால் முதல் மூன்று சுற்றும் அது பக்கமே சாயும். சோற்றுப் பானையில் ஒரு பருக்கையை எடுத்துப் பதம் பார்ப்பது இங்கே பொருந்தாது, ஏனென்றால் பானை கிளறப்படவில்லை. இன்னொன்று: 226 சாவடி உள்ள ஒரு தொகுதி என்று வைத்துக்கொள்வோம். 16 சுற்றில் 224 முடிந்துவிடும். 17ஆவது சுற்றில் இரண்டே இரண்டு சாவடி. கடைசிச் சுற்றில் வாக்கு திடீரென்று குறைந்துவிட்டது என்று போன முறை எழுந்த சந்தேகத்துக்கு இதுதான் விடை. ஆறு அறைகளும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. சமவெளித் தொகுதிகளில் சாவடி அதிகம் என்பதால் மலைத் தொகுதிகள் சற்று முன்னதாகவே முடிந்துவிடும். அதனால் 'பத்தாவது சுற்று முடிவில்' என்று மொத்தத் தொகுதிக்கும் ஒரு எண் போடுவதற்குப் பொருளே இல்லை. எண்ணிய வாக்கு எத்தனை, மீதி எத்தனை என்று போட்டால் வாசகரே புரிந்துகொள்வார்.

வாக்குப்பதிவு விழுக்காட்டிலும் இதே அவசரம். 2024 ஏப்ரல் 19 இரவு தமிழகத்துக்கு 72.09 விழுக்காடு என்று அறிவித்தார்கள். பிறகு அது 69.46 ஆனது. இறுதியில் 69.72. இரண்டரை விழுக்காடு எங்கே போனது என்று பலர் கேட்டார்கள். எங்கும் போகவில்லை. அன்றிரவு சொன்னது சாவடிகளிலிருந்து வந்த உத்தேசக் கணக்கு. உண்மையான எண் 17சிகள் எல்லாம் வந்து சேர்ந்து, மறுநாள் பரிசீலனை முடிந்த பிறகுதான் கிடைக்கும். மாயார்ப் பக்கமும் கிண்ணக்கொரைப் பக்கமும் போன குழுக்கள் இரவில் மஞ்சு மூடிய ரோட்டில் இயந்திரத்தோடு ஏறி வர வேண்டும். சில இடங்களில் போன் சிக்னலே கிடையாது. மலை மாவட்டத்தின் இரவுக் கணக்கை 'உத்தேசம்' என்ற சொல் இல்லாமல் அச்சில் போடாதீர்கள்.

சரி, தொகுதி வாரி எண் எங்கே கிடைக்கும்? அதற்குப் படிவம் 20 என்று பெயர். தமிழகத் தலைமைத் தேர்தல் அதிகாரியின் இணையதளத்தில் மக்களவைத் தொகுதியைத் தேர்ந்தெடுத்தால் அதன் ஆறு சட்டமன்றப் பகுதிகளுக்கும் தனித்தனிக் கோப்பு இருக்கும். இடது ஓரத்தில் சாவடி எண், பிறகு ஒவ்வொரு வேட்பாளருக்கும் ஒரு பத்தி, பிறகு செல்லத்தக்க வாக்கு மொத்தம், நோட்டா, கடைசியில் டெண்டர் வாக்கு. அடியில் கூட்டுத்தொகை. பெரும்பாலான கோப்புகள் தாளை ஸ்கேன் செய்தவை, எழுத்து வடிவில் இல்லை. கணினியில் தானாக எடுத்தால் 3ம் 8ம் மாறும், 1ம் 7ம் மாறும். ஒவ்வொரு வரியையும் குறுக்கே கூட்டிப் பார்த்து, கீழே கூட்டியதோடு ஒப்பிட்டால் எங்கே இடிக்கிறதோ அங்கே பிழை. இரண்டு பேர் உட்கார்ந்தால் ஒரு தொகுதிக்கு ஒரு மாலை போதும்.

ஆறு தொகுதியின் கூட்டுத்தொகையையும் கூட்டினால் இறுதி எண் வராது. கொஞ்சம் குறையும். அது தபால் வாக்கு. மக்களவைத் தேர்தலில் தபால் வாக்கைத் தேர்தல் நடத்தும் அலுவலரின் மேசையில் மொத்தத் தொகுதிக்கும் ஒன்றாக எண்ணுவார்கள். எந்தச் சட்டமன்றத் தொகுதிக்கும் சேர்க்க முடியாது. அட்டவணையில் ஏழாவதாகத் தனி வரி போட வேண்டும். 85 வயது கடந்தவரும் 40 விழுக்காடோ அதற்கு மேலோ ஊனம் உள்ளவரும் படிவம் 12டி கொடுத்து வீட்டிலிருந்தே போட்ட வாக்கு, தேர்தல் பணியில் இருந்தவர் வாக்கு, படைவீரர் வாக்கு எல்லாம் இதில் அடக்கம். வெலிங்டன் ராணுவ முகாமைப் பக்கத்தில் வைத்திருக்கும் குன்னூர்க்காரர்கள் அங்குள்ள வீரர்களின் தபால் வாக்கெல்லாம் இங்கேதான் விழும் என்று நினைப்பதுண்டு. வீரர் எந்த ஊர்ப் பட்டியலில் இருக்கிறாரோ அங்கேதான் அவர் வாக்கு போகும். தபால் வாக்கு செல்லாமல் போவதற்குப் பெரும்பாலும் ஒரே காரணம்தான்: உறைக்குள் வைக்க வேண்டிய படிவம் 13ஏ உறுதிமொழியில் கையெழுத்தோ சான்றொப்பமோ இருக்காது, அல்லது அதிலுள்ள வாக்குச்சீட்டு எண்ணும் உள்ளுறை மேல் எழுதியதும் வேறு வேறாக இருக்கும். வெற்றி வித்தியாசம் செல்லாத தபால் வாக்கைவிடக் குறைவாக இருந்தால் அவை அனைத்தையும் மறுபடி பரிசீலித்தாக வேண்டும் என்பது விதி.

2019 சாவடி எண்ணையும் 2024 சாவடி எண்ணையும் நேருக்கு நேர் வைத்து ஒப்பிடாதீர்கள். அந்தத் தேர்தல்களில் ஒரு சாவடிக்கு 1,500 வாக்காளர் என்ற வரம்பு இருந்தது; அதைத் தாண்டினால் பிரித்தார்கள், கட்டடம் மாறும், எண் நகரும். 2019இன் 112ஆவது சாவடி 2024இல் 115ஆக இருக்கலாம். அந்தந்த ஆண்டின் சாவடிப் பட்டியலை எடுத்து ஊர்ப் பெயரைப் பார்த்துத்தான் இணைக்க வேண்டும்.

இங்கே நாங்கள் ஒன்றை அழுத்தமாகச் சொல்ல வேண்டும். படிவம் 20ஐ எடுத்ததும் எந்தச் செய்தியாளருக்கும் கை துறுதுறுக்கும். இந்த ஹட்டி (படகர் ஊர்) இந்தக் கட்சிக்கு, இந்த எஸ்டேட் லைன் அந்தக் கட்சிக்கு என்று எழுதிவிடலாம். தயவுசெய்து எழுதாதீர்கள். நகரத்தில் ஒரு சாவடி என்றால் ஆயிரம் பேர், பல தெரு, பல சாதி. மலையில் ஒரு சாவடியே இரண்டு மந்தும் (தோடர் ஊர்) ஒரு குடியிருப்பும்தான். அங்கே ஒரு வேட்பாளருக்கு ஒன்பது வாக்கு விழுந்தால் அந்த ஒன்பது பேர் யார் என்று ஊரில் எல்லோருக்கும் தெரிந்துவிடும். ரோடும் தண்ணீர்க் குழாயும் வேலையும் கேட்டு நிற்கிறவர்கள் அவர்கள். பதினான்கு சாவடி வாக்கைச் சேர்த்து ஒரே மொத்தமாகக் காட்டும் டோட்டலைசர் என்ற கருவியைத் தேர்தல் ஆணையம் பரிந்துரைத்ததும், சட்ட ஆணையம் 2015இல் 255ஆவது அறிக்கையில் அதை ஆதரித்ததும் இந்தப் பயத்தை நீக்கத்தான். அது நடைமுறைக்கு வரவில்லை. அதுவரை அச்சில் வருவது தொகுதி அளவோடு நின்றால் போதும். சரிபார்ப்புக்குச் சாவடி எண் வேண்டும், செய்தித் தலைப்புக்கு வேண்டாம்.

டெபாசிட் பற்றியும் அதே பக்கத்தில் ஒரு பிழை இருந்தது. மூன்றாமிடம் என்றாலே டெபாசிட் போய்விடும் என்று ஆகாது. வேட்பாளர்கள் பெற்ற செல்லத்தக்க வாக்கு மொத்தத்தில் ஆறில் ஒரு பங்குக்கு மேல் வாங்கினால் கட்டிய தொகை திரும்பும். நோட்டா இந்த மொத்தத்தில் சேராது. பத்து லட்சத்துக்கு ஆறில் ஒரு பங்கு 1,67,000 அளவில் வரும். 2,20,230 வாங்கிய அ.தி.மு.க. தாண்டிவிட்டது. 58,821 வாங்கிய நாம் தமிழர் தாண்டவில்லை. தொகையும் நீங்கள் போட்டிருந்த 25,000 அல்ல. நீலகிரி 2009 முதல் தனித்தொகுதி. பட்டியல் சாதி வேட்பாளருக்கு 12,500தான்.

நோட்டாவைப் பேசினால் 2014ஐ விட முடியாது. அந்த ஆண்டு நாட்டிலேயே அதிக நோட்டா வாக்கு விழுந்தது நீலகிரியில், 46,559. மலை மக்கள் வெறுத்துப்போய்ப் போட்டார்கள் என்று இன்றும் எழுதுகிறார்கள். வெறுப்பும் இருந்திருக்கலாம். ஆனால் அந்தத் தேர்தலில் பா.ஜ.க. வேட்பாளரின் மனு பரிசீலனையில் தள்ளுபடியானது என்பதைச் சேர்த்து எழுதாவிட்டால் அந்த எண் பாதி உண்மைதான். கட்சியின் அங்கீகாரக் கடிதம் உரிய நேரத்துக்கு வந்து சேரவில்லை. மனுத்தாக்கலின் கடைசி நாள் பிற்பகல் 3 மணிக்குள் ஏ படிவமும் பி படிவமும் மையால் போட்ட கையெழுத்தோடு தேர்தல் நடத்தும் அலுவலர் கையில் இருக்க வேண்டும். நகல் செல்லாது. அவை இல்லையென்றால் அவர் கட்சி வேட்பாளர் ஆகமாட்டார். அங்கீகரிக்கப்பட்ட கட்சி வேட்பாளருக்கு ஒரு முன்மொழிபவர் போதும், சுயேச்சைக்குப் பத்துப் பேர் வேண்டும். ஒரு தாள் வராததால் ஒரு தேசியக் கட்சியின் சின்னமே இயந்திரத்தில் இல்லாமல் போனது. அந்தத் தேர்தலில் அ.தி.மு.க.வின் சி. கோபாலகிருஷ்ணன் 1,04,940 வித்தியாசத்தில் வென்றார், எனவே நோட்டா முழுவதும் இரண்டாமிடத்துக்கே போயிருந்தாலும் முடிவு மாறியிருக்காது.

கட்சி வாரி இடக் கணக்கில் சின்னத்தையும் பாருங்கள். தி.மு.க. 2019இல் 24, 2024இல் 22, ஆகவே இரண்டு இடம் குறைந்தது என்று எழுதினீர்கள். 2019இன் 24இல் ஈரோடு ம.தி.மு.க., விழுப்புரம் வி.சி.க., நாமக்கல் கொ.ம.தே.க., பெரம்பலூர் ஐ.ஜே.க. ஆகிய நாலு பேர் உதயசூரியனில் நின்றவர்கள். 2024இன் 22இல் நாமக்கல் ஒன்று மட்டும்தான் அப்படி. சொந்த வேட்பாளர் என்று எண்ணினால் 20 என்பது 21 ஆகியிருக்கிறது. இரண்டு கணக்கும் சரிதான், எதைச் சொல்கிறோம் என்று சொல்லிவிட வேண்டும்.

இடமும் வாக்கும் ஒன்றாக நகராது என்பது நாடு முழுக்கத் தெரிந்த ஆண்டு அது. பா.ஜ.க.வின் வாக்கு 37.36இலிருந்து 36.56க்கு வந்தது, ஒரு விழுக்காடுகூடக் குறையவில்லை. இடம் 303இலிருந்து 240 ஆனது. 272க்கு 32 குறைய, தெலுங்கு தேசத்தின் 16ம் ஐக்கிய ஜனதா தளத்தின் 12ம் இல்லாமல் ஆட்சி இல்லை என்ற நிலை. காங்கிரஸ் 52இலிருந்து 99. பகுஜன் சமாஜ் நாடெங்கும் சிதறி 2.04 விழுக்காடு வாங்கி ஒரு இடமும் பெறவில்லை. அதைவிடச் சற்றுக் குறைவாக வாங்கிய தெலுங்கு தேசம், ஆந்திரத்தின் 17 தொகுதியில் மட்டும் நின்று 16ஐ எடுத்தது. தமிழகத்தில் அ.தி.மு.க. 20.46 விழுக்காடு வாங்கிப் பூஜ்யம். 39ம் ஒரே அணிக்குப் போனதை மட்டும் வண்ண வரைபடத்தில் பார்ப்பவருக்கு அந்த ஐந்தில் ஒரு பங்கு மக்கள் இருப்பதே தெரியாது.

பழைய வரலாற்றோடு ஒப்பிடுவதாக இருந்தால் 2009க்கு முன்னால் போகும்போது கவனம் வேண்டும். 1962இல் அக்கம்மா தேவி காங்கிரஸ் சார்பில் வென்றதும், 1967இல் சுதந்திராக் கட்சி வென்றதும், ஆர். பிரபு பலமுறை வென்றதும், 1998லும் 1999லும் பா.ஜ.க.வின் மாஸ்டர் மாதன் வென்றதும் இதே பெயருள்ள தொகுதியில்தான். ஆனால் மறுவரையறைக்கு முன் இதில் தொண்டாமுத்தூர் இருந்தது, பவானிசாகர் இல்லை, தனித்தொகுதியும் இல்லை. 2004 எண்ணை 2009 எண்ணோடு கழித்து ஏற்றம், இறக்கம் சொல்வது தவறு. ஒப்பிடத் தக்கவை 2009, 2014, 2019, 2024 ஆகிய நான்கு மட்டுமே.

அடுத்த முறை கால் பக்கம் ஒதுக்கினால் போதும். ஆறு வரி, ஒவ்வொன்றிலும் முதல் நான்கு வேட்பாளரும் நோட்டாவும். ஏழாவது வரி தபால் வாக்கு. எட்டாவது மொத்தம். அதன் கீழே சிறிய எழுத்தில் போன தேர்தலின் அதே ஆறு வரி, யார் எந்த அணியில் இருந்தார்கள் என்ற குறிப்போடு. முடிவு அறிவித்த நாளிலிருந்து 45 நாளுக்குள்தான் உயர் நீதிமன்றத்தில் தேர்தல் வழக்குப் போட முடியும் என்பதால், அந்தக் காலத்துக்குள்ளேயே படிவம் 20ஐ எடுத்து இந்த அட்டவணையை வெளியிட்டால் வேட்பாளருக்கும் பயன்படும்.

இப்படிக்கு,
வாக்கு எண்ணும் மேசையில் பணியாற்றியவர்களும் முகவர்களுக்குப் பயிற்சி அளித்தவர்களுமான வாசகர்கள் சிலர்,
குன்னூர், கோத்தகிரி, கூடலூர்.